மின்னொளியில் மாபெரும் கபடி

ராஜபாளையத்திலிருந்து தெற்கே தளவாய்புரத்துக்கு பஸ்ஸில் போகிறவர்களுக்கு வலது கைப்பக்கம் மலை கூடவே வந்துகொண்டிருக்கும். இடது பக்கம் பருத்தியோ மக்காச்சோளமோ, அந்த வருஷத்து மழை எதை விட்டுவைத்ததோ அது. ஊருக்குள் இறங்கியதும் முதலில் காதில் விழுவது தையல் மெஷின் சத்தம். தளவாய்புரம் என்றால் நைட்டி. தமிழ்நாட்டில் எந்தக் கடைவீதியில் நைட்டி தொங்கினாலும், அது இங்கே வெட்டித் தைத்ததாக இருக்க வாய்ப்புண்டு. வீட்டுத் திண்ணையில், மாடி அறையில், தகரக் கொட்டகையில் என்று தெருவுக்குத் தெரு மெஷின் ஓடுகிறது.

இந்தப் பக்கத்து ஊர்ச் சுவர்களைப் படித்தாலே ஊர் வரலாறு பாதி தெரிந்துவிடும். கண்ணீர் அஞ்சலி, பூப்புனித நீராட்டு விழா, ஜவுளிக் கடை தள்ளுபடி. நடுவில், பசை காயாத ஒரு போஸ்டர்: ‘மின்னொளியில் மாபெரும் கபடிப் போட்டி’. கீழே முதல் பரிசு, இரண்டாம் பரிசு, அவற்றுக்கு எதிரே உபயதாரர் பெயர்கள், நுழைவுக் கட்டணம், தொடர்புக்கு நான்கு செல்போன் எண்கள். பரிசுத் தொகை எப்போதும் ஒரு ரூபாய் கூடுதலாகவே இருக்கும். மொய் எழுதுகிற ஊரில் பரிசு மட்டும் முழுத் தொகையாக முடியுமா?

பங்குனியோ சித்திரையோ, கோயில் கொடை வந்தால் கபடியும் வரும். பொங்கலுக்கு வரும். சில ஊர்களில், இறந்துபோன நண்பனின் நினைவு நாளுக்கும் வரும்.

இதைப் பார்க்கும்போது, கடல் தாண்டிக் கிழக்கே இருக்கும் ஒரு நாடு நினைவுக்கு வராமல் போகாது. பிலிப்பைன்ஸ். அந்த நாட்டைப் பற்றிய ஆவணப்படம் எதைத் திறந்தாலும், கொஞ்ச நேரத்தில் ஒரு கூடைப்பந்து வளையம் வந்துவிடும். தென்னை மரத்தில் ஆணியடித்த பலகை, அதில் கட்டுக்கம்பியை வளைத்துச் செய்த வளையம், அதன் கீழே ரப்பர் செருப்போடு குதிக்கிற பையன்கள். இரண்டு ஆள் ஒதுங்கி நடக்க முடியாத மணிலாச் சந்திலும் ஒரு வளையம் இருக்கும். ‘பராங்காய்’ என்று அவர்கள் சொல்லும் ஒவ்வொரு ஊர்ப் பிரிவுக்கும் ஒரு மைதானம். அதிலேயே திருவிழா, ஊர்க்கூட்டம், புயலடித்தால் அகதி முகாம். அறுவடைக் காலத்தில் அந்த சிமென்ட் தரையிலேயே நெல்லைக் காயப்போடுகிறார்கள். கோடை விடுமுறையில் தெருவுக்குத் தெரு ‘லீகா’ நடக்கிறது.

விசித்திரம் என்னவென்றால், பிலிப்பைன்ஸ்காரர்கள் அப்படியொன்றும் உயரமானவர்கள் இல்லை. ஆண்களின் சராசரி உயரம் ஐந்தேகால் அடியை ஒட்டித்தான் வரும். உயரத்துக்கென்றே கண்டுபிடித்தது போன்ற ஓர் ஆட்டத்தை உயரமில்லாத ஒரு ஜனம் உயிராகப் பிடித்துக்கொண்டது எப்படி? இந்தக் கேள்வியோடு அமெரிக்காவிலிருந்து கிளம்பிப்போன ரேஃப் பார்த்தலோமியூ என்ற எழுத்தாளர், அங்கேயே சில வருஷங்கள் தங்கி, 2010ல் ‘பசிபிக் ரிம்ஸ்’ என்றொரு புத்தகமே எழுதினார்.

ஆட்டத்தைக் கொண்டுபோனவர்கள் அமெரிக்கர்கள். ஸ்பெயினிடமிருந்து தீவுகள் கைமாறிய பிறகு, 1910ஐ ஒட்டி ஒய்.எம்.சி.ஏ. வழியாகவும் பள்ளிக்கூடங்கள் வழியாகவும் கூடைப்பந்து போய் இறங்கியது. முதலில் அதைப் பெண் பிள்ளைகள் ஆட்டமாகத்தான் வைத்திருந்தார்கள். பிறகு ஆண்கள் பிடுங்கிக்கொண்டார்கள். 1954 உலகச் சாம்பியன்ஷிப்பில் வெண்கலம். 1975ல் ஆசியாவிலேயே முதல் தொழில்முறைக் கூடைப்பந்து லீக். 2023ல் உலகக் கோப்பையின் தொடக்க நாளில் மணிலாவுக்கு வெளியே இருக்கும் அரங்கில் 38,115 பேர் கூடினார்கள். உலகக் கோப்பை வரலாற்றில் ஓர் ஆட்டத்துக்கு அத்தனை கூட்டம் அதற்குமுன் வந்ததில்லை. அந்தக் கோப்பையில் பிலிப்பைன்ஸ் பிடித்த இடம் 24. அதனால் மறுநாள் சந்தில் ஒரு வளையமும் குறைந்துவிடவில்லை.

நம் பக்கத்தில் இதற்கு இணையாக ஒன்றைச் சொல்லவேண்டுமானால், கிரிக்கெட்டைச் சொல்ல முடியாது. கிரிக்கெட் எல்லோரும் பார்ப்பது. ராஜபாளையத்துக்குத் தெற்கே, திருநெல்வேலி, தூத்துக்குடி வரைக்கும் ஊர் தன்னுடையது என்று நினைக்கிற ஆட்டம் கபடி. பந்து வேண்டாம், மட்டை வேண்டாம், வளையம்கூட வேண்டாம். ஒரு கோடு போதும். அந்தக் கோட்டையும் காலாலேயே கிழித்துக்கொள்ளலாம்.

இரண்டு ஆட்டங்களும் ஒரே வருஷத்தில், ஒரே ஊரில் உலகத்தின் கண்ணில் பட்டன. 1936 பெர்லின் ஒலிம்பிக். கூடைப்பந்து முதல்முறையாகப் பதக்க ஆட்டமாக ஆனது அங்கேதான். பிலிப்பைன்ஸ் ஒரே ஓர் ஆட்டத்தில், அமெரிக்காவிடம் மட்டும் தோற்று ஐந்தாம் இடம் பிடித்தது. ஆசிய அணி ஒன்று ஒலிம்பிக் கூடைப்பந்தில் இதுவரை எட்டிய உயர்ந்த இடம் அதுவே. இறுதி ஆட்டம் திறந்தவெளி மண் தரையில், கொட்டும் மழையில் நடந்தது. அமெரிக்கா 19, கனடா 8. சேற்றில் பந்து எழும்பவே இல்லை. அதே பெர்லினில், மகாராஷ்டிரத்தின் அமராவதியிலிருந்து போன ஹனுமான் வியாயாம் பிரசாரக் மண்டல் இளைஞர்கள் கபடியைச் செய்துகாட்டினார்கள். பதக்கம் கிடையாது, கைதட்டல் மட்டும்.

ராஜபாளையத்தில் பி.ஏ.சி.ராமசாமி ராஜா நூற்பாலைக்கு அடித்தளம் போட்டதும் அதே 1936ல்தான். அந்த ஆலைச் சங்கும், பிறகு வந்த மற்ற ஆலைகளின் சங்கும் இந்தப் பக்கத்து ஜனங்களின் பொழுதை ஷிப்டுகளாக வெட்டின. ஷிப்டு முடிந்த பையன்களுக்கு ஆறு மணிக்கு மேல் ஒரு வேலை வேண்டியிருந்தது. கபடி அந்த நேரத்துக்கு அளந்து வைத்தாற்போலப் பொருந்தியது. இன்று ஆலையின் இடத்தில் தையல் யூனிட். மெஷின் நின்ற பிறகுதான் களம் நிறைகிறது.

களம் என்ற சொல்லையே பாருங்கள். நெல்லடிக்கிற இடமும் களம், போர் நடக்கிற இடமும் களம், ஆட்டம் நடக்கிற இடமும் களம். பிலிப்பைன்ஸில் ஆடுகளத்தில் நெல் காய்கிறது. இங்கே நெல் காய்ந்த இடத்தில் ஆடுகிறார்கள்.

ஆட்டத்தின் சூத்திரம் எளிது, ஆடுவது கஷ்டம். ஆண்களுக்கு 13 மீட்டர் நீளம், 10 மீட்டர் அகலம். பக்கத்துக்கு 7 பேர். பாடிப் போகிறவனுக்கு 30 நொடி. நடுக்கோட்டிலிருந்து 3.75 மீட்டரில் இருக்கும் கோட்டையாவது தாண்டித் திரும்பவேண்டும், அல்லது ஒருவனைத் தொட்டுவிட்டு வரவேண்டும். அதற்கும் ஒரு மீட்டர் உள்ளே போனஸ் கோடு. ‘கை, பிடி’ என்பதுதான் கபடி ஆனது என்று தமிழாசிரியர்கள் சொல்வார்கள். வடக்கே கேட்டால் வேறு கதை சொல்வார்கள். பாட்டிமார்களுக்கு இன்றைக்கும் இது சடுகுடுதான்.

ஆனால் விதிப்புத்தகத்தில் எழுதாத சங்கதி ஒன்று உண்டு. மற்ற ஆட்டங்களில் மூச்சு வாங்குவதற்குத் தடையில்லை. இதில் எதிராளியின் இடத்தில் நிற்கும்போது, மூச்சு தீரவில்லை என்பதைச் சத்தமாக நிரூபித்துக்கொண்டே இருக்கவேண்டும். ஏழு பேர் கைகோத்து நெருங்கிவரும் இடத்தில் தனியாக ஒருத்தன், வாய் ஓயாமல். நடுக்கோட்டுக்கு அந்தப் பக்கம் போனவன் திரும்பி வருகிறானா என்று பார்ப்பதற்கு ஊர் ஏன் இப்படித் திரள்கிறது என்று யாருக்கும் விளக்கிச் சொல்லவேண்டியதில்லை. திருப்பூருக்கும் சென்னைக்கும் வளைகுடாவுக்கும் பிள்ளைகளை அனுப்பிவிட்டு, வாசலைப் பார்த்து உட்கார்ந்திருக்கிற ஊர்கள் இவை.

பிலிப்பைன்ஸைப் போல நமக்குக் கபடி ஆவணப்படங்கள் அதிகம் இல்லை. அமேசானில் 2020ல் வந்த ஜெய்ப்பூர் பிங்க் பேந்தர்ஸ் தொடர் ஓர் அணியையும் அதன் உரிமையாளரையும் பின்தொடர்ந்தது. அதில் ஹோட்டல் அறைகள் உண்டு, களத்து மண் கிடையாது. இந்தியக் கூடைப்பந்தைப் பற்றிச் சொல்லும்போது 2016ல் வந்த ‘ஒன் இன் எ பில்லியன்’ நினைவுக்கு வரும். பஞ்சாபின் பல்லோ கே கிராமத்திலிருந்து 2015ல் அமெரிக்காவின் என்.பி.ஏ.வுக்குத் தேர்வான சத்னம் சிங்கின் கதை. நல்ல படம்தான். ஆனால் அது ஊரை விட்டுப் போன ஒருவனின் கதை. போக முடியாதவர்களின் கதையைத் தமிழில் ஆவணப்படத்துக்குப் பதில் சினிமாதான் எடுத்துக்கொண்டது.

2009ல் வந்த ‘வெண்ணிலா கபடிக்குழு’வை இன்று பலர் புரோட்டா காட்சிக்காக மட்டும் நினைவு வைத்திருக்கிறார்கள். சுசீந்திரனின் அந்த முதல் படத்தில் வரும் குழு, தோற்பதற்கென்றே ஊர் ஊராகப் போகிற குழு. தோற்றுவிட்டுத் திரும்பும் வழியில் அவர்கள் பேசுகிற பேச்சை, இந்தப் பக்கத்து வேன்களில் ஒரு மாற்றமும் இல்லாமல் இன்றைக்கும் கேட்கலாம். அந்தப் படத்தின் முடிவு, பிற்பாடு நிஜத்திலும் நடந்தது. 2022 ஜூலையில் பண்ருட்டிப் பக்கம் ஓர் இளைஞர், பாடிப் போன இடத்தில் விழுந்தவர் எழுந்திருக்கவில்லை. கூடியிருந்தவர்களில் யாரோ எடுத்த செல்போன் வீடியோவில் அது பதிவாகியிருந்தது. சில நாள் எல்லோர் கையிலும் ஓடியது, பிறகு எல்லோரும் அடுத்த வீடியோவுக்குப் போய்விட்டார்கள்.

போஸ்டரில் நான்கு செல்போன் எண் போடுகிறவர்கள், களத்தோரம் ஒரு ஆம்புலன்ஸ் நிறுத்த ஏற்பாடு செய்கிறார்களா? சில ஊர்களில் செய்கிறார்கள். பல ஊர்களில் ஐஸ் கட்டியும் ஸ்பிரேயும்தான் வைத்தியம். முழங்கால் தசைநார் அறுந்தவன் ஆறு மாதம் மெஷினில் உட்கார முடியாது. பீஸ் ரேட்டில் கூலி வாங்குகிறவனுக்கு ஆறு மாதம் என்றால் என்ன என்று அவன் வீட்டில் இருக்கிறவர்களைக் கேட்கவேண்டும்.

2025 தீபாவளிக்கு மாரி செல்வராஜின் ‘பைசன்’ வந்தது. தூத்துக்குடி மாவட்டம் மணத்தி என்ற ஊரிலிருந்து கிளம்பி, 1994 ஹிரோஷிமா ஆசிய விளையாட்டில் தங்கம் வென்ற அணியில் ஆடி, 1995க்கான அர்ஜுனா விருது பெற்ற மணத்தி கணேசனின் வாழ்க்கையிலிருந்து எடுத்துக்கொண்ட கதை. படத்தில் ஜப்பான் ஒரு பக்கம், 1990களின் தென்மாவட்டம் இன்னொரு பக்கம். அரிவாள் பேசிக்கொண்டிருந்த காலம். மகனைக் களத்துக்கு அனுப்பப் பயப்படும் அப்பாவாகப் பசுபதி வருகிறார். அவருடைய பயம் எலும்பு முறிவைப் பற்றியது அல்ல. எந்த ஊர்க்காரன் எந்த ஊர்க் களத்தில் ஜெயிக்கிறான் என்பதில் இருக்கும் ஆபத்தைப் பற்றியது.

அந்தப் பயம் சினிமாவுக்காகச் செய்ததில்லை. விருதுநகரில் தொடங்கித் தெற்கே இறங்கிப் போனால், கபடி அணி என்பது பெரும்பாலும் ஒரு தெருவின் அணி. தெரு என்றால் என்ன அர்த்தம் என்பது எல்லோருக்கும் தெரியும். கபடிப் போட்டி நடத்த போலீஸ் அனுமதி மறுத்தால், விழாக் குழுவினர் உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போவது கொடைக்கால வழக்கமாகவே ஆகிவிட்டது. நீதிமன்றமும் அனுமதி கொடுக்கும்போது நிபந்தனைகளைச் சேர்த்தே கொடுக்கிறது: சாதித் தலைவர்கள் படம் போட்ட ஜெர்சி கூடாது, சாதியைக் காட்டும் நிறம் கூடாது, இன்ன நேரத்துக்குள் முடிக்கவேண்டும். பனியனின் நிறத்தை நீதிபதி முடிவு செய்யவேண்டிய ஆட்டம் உலகத்தில் வேறெங்கும் உண்டா என்பது சந்தேகம்தான்.

இதில் இன்னொரு பக்கமும் இருக்கிறது. வேறெந்த இடத்திலும் ஒருவர் மேல் ஒருவர் கை வைக்க முடியாத இரண்டு தெருக்காரர்கள், நடுக்கோட்டைத் தாண்டியதும் இடுப்பைப் பிடிக்கிறார்கள், காலைக் கட்டுகிறார்கள், ஒருவர் வியர்வை ஒருவர் மேல் படப் புரள்கிறார்கள். தொடுவதுதான் இந்த ஆட்டமே. தொட்டால் புள்ளி. ‘தீட்டு’ என்று சொல்லிப் பழகிய ஊரில் இதற்கு என்ன பொருள் என்று பெரியவர்கள் யோசித்திருந்தால், கபடியை அப்போதே தடை செய்திருப்பார்கள்.

ஆட்டம் முடிந்ததும் பையன்கள் பேசிக்கொள்வது கோப்பையைப் பற்றி இல்லை. வேலையைப் பற்றி. மின்வாரியம், போலீஸ், ரயில்வே, வங்கி. தமிழ்நாட்டு அரசு வேலைகளில் விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத இட ஒதுக்கீடு உண்டு. அதற்குச் சான்றிதழ் வேண்டும், அதுவும் சரியான மட்டத்துச் சான்றிதழ். கொடைக் கபடியில் இருபது கோப்பை வாங்கினாலும் அது அலமாரிக்குத்தான். மாநில அணி, தேசியப் போட்டி என்று போனால்தான் காகிதம் பேசும். போவதற்கு முதல் தடை, தரை. ஊரில் ஆடுவது மண்ணில், வெறுங்காலில். தேர்வு நடப்பது மேட்டில், ஷூ போட்டு. மண் கொஞ்சம் வழுக்கி விடும், மேட் பிடித்துக்கொள்ளும். பத்து வருஷம் மண்ணில் பழகிய காலுக்கு மேட்டின் மேல் திரும்பத் தெரியாது. திருப்புவதற்குள் முட்டி திரும்பிவிடும். மேட் வாங்கிப்போட ஊர்க்குழுவுக்கு வசதி கிடையாது. போட்டாலும் அதை மழையில் நனையாமல் வைக்க ஓர் இடம் வேண்டும்.

தரையைத் தாண்டிப் போனவர்கள் உண்டு. 1990ல் பெய்ஜிங்கில் கபடி முதல்முறை ஆசிய விளையாட்டுப் பதக்க ஆட்டம் ஆனபோதே இந்திய அணியில் தமிழ்நாட்டு ராஜரத்தினம் இருந்தார். தஞ்சாவூர்ப் பக்கத்துத் தர்மராஜ் சேரலாதன், பெரும்பாலோர் ஓய்வு பெற்றுவிடும் வயதைத் தாண்டி, 2016ல் பாட்னா அணிக்குத் தலைமை தாங்கி புரோ கபடிக் கோப்பையை வாங்கினார். அதே வருஷம் உலகக் கோப்பை வென்ற இந்திய அணியிலும் ஆடினார். வடநாட்டு வர்ணனையாளர்களும் அவரை ‘அண்ணா’ என்றே கூப்பிட்டார்கள். அவர் தம்பி கோபுவும் கபடிக்காரர்.

2014ல் புரோ கபடி லீக் வந்தபோது, கிராமத்து ஆட்டம் டி.வி.க்கு வந்துவிட்டது என்று எல்லோரும் பூரித்தார்கள். 2017ல் தமிழ் தலைவாஸ் என்ற பெயரில் ஓர் அணியும் வந்தது. முதல் வருஷம் தன் பிரிவில் கடைசி இடம். அரையிறுதியை எட்டவே 2022 ஆனது. பெயரில் தமிழ் இருந்ததே தவிர, ஆடுகிறவர்களில் ஹரியானாக்காரர்கள்தான் அதிகம். டீக்கடையில் டி.வி. பார்க்கிறவர்கள் இதைத் திட்டாமல் டீ குடித்ததில்லை. ஹரியானாவில் மேட் இருக்கிறது, பால் இருக்கிறது, பயிற்சியாளர் இருக்கிறார் என்று ஒருவர் சொன்னால், ‘நம்மகிட்ட மூச்சு இருக்குல்லா’ என்று இன்னொருவர் சொல்வார். இரண்டு பேர் சொல்வதும் உண்மைதான்.

2023 ஹாங்சோ ஆசிய விளையாட்டில் ஒரு பொருத்தம் நடந்தது. அக்டோபர் 6ஆம் தேதி, ஜோர்டானை 70-60 என்று வென்று பிலிப்பைன்ஸ் ஆண்கள் கூடைப்பந்துத் தங்கத்தைத் திரும்பப் பிடித்தார்கள். 1962க்குப் பிறகு 61 வருஷக் காத்திருப்பு. மறுநாள், 2018ல் ஈரானிடம் இழந்த கபடித் தங்கத்தை இந்திய ஆண்கள் அதே ஈரானிடமிருந்து மீட்டார்கள். அன்றைக்கே பெண்கள் அணி சீன தைபேயை 26-25 என்று ஒரு புள்ளியில் வென்றது. அந்த விளையாட்டில் இந்தியாவின் 100வது பதக்கம் அது.

பெண்கள் கபடிக்கு ஆசிய விளையாட்டில் 2010ல்தான் இடம் கிடைத்தது. ஊர்க் களத்தில் அவர்களுக்கு இன்னும் முழுசாக இடம் கிடைத்தபாடில்லை. பள்ளிக்கூடம் இருக்கிறவரை பி.டி. டீச்சர் இருக்கிறார், வட்டாரப் போட்டி இருக்கிறது. பிளஸ் டூ முடிந்ததும் கல்யாணப் பேச்சு, அல்லது தையல் யூனிட். இந்த ஊர்களில் மெஷின் முன்னால் குனிந்து உட்கார்ந்திருக்கிற பெண்களில், ஒரு காலத்தில் நல்ல கார்னர் பிடித்தவர்கள் எத்தனை பேர் என்று யாரும் கணக்கெடுத்ததில்லை. 2025 அக்டோபரில் பஹ்ரைனில் நடந்த ஆசிய இளையோர் விளையாட்டில் தங்கம் வென்ற பெண்கள் அணியின் துணைத் தலைவி சென்னை கண்ணகி நகர் கார்த்திகா. ஆண்கள் அணியில் வடுவூர் அபினேஷ். ஆளுக்கு 25 லட்சம் ரூபாய் என்று அரசு பரிசு கொடுத்தது. அந்த வாரம் பல ஊர்களில் அப்பாமார் மகள்களை வேறு கண்ணால் பார்த்திருப்பார்கள். எத்தனை நாளைக்கு என்பது அடுத்த வரன் வரும்வரை தெரியாது.

கொடை இரவில் ஆட்டம் எப்போதும் தாமதமாகவே தொடங்கும். ஏழு மணி என்று போட்டிருந்தால் ஒன்பதரை. முதலில் ட்யூப்லைட் கம்பம் ஒன்று எரியாது. பிறகு மைக். மைக் சரியானதும், உபயதாரர்களுக்குப் பொன்னாடை போர்த்துவதில் ஒரு மணி நேரம். சுண்ணாம்புக் கோட்டைச் சுற்றிக் கயிறு கட்டியிருப்பார்கள். கயிற்றுக்கு உள்ளே குழந்தைகள், வெளியே ஆண்கள், மொட்டை மாடியில் பெண்கள். வர்ணனையாளர் ஒருவர் இருப்பார். அவருக்கு ஆட்டக்காரர்களின் பெயர் மட்டுமல்ல, அப்பா பெயர், பட்டப்பெயர், போன வருஷம் எந்த ஊரில் எந்தக் கால் சுளுக்கியது எல்லாம் தெரியும். தோற்ற அணியை ‘வெற்றி வாய்ப்பை நழுவவிட்ட அணி’ என்றுதான் சொல்வார். அப்படிச் சொல்லாவிட்டால் அவர் வீடு போய்ச் சேர்வது கஷ்டம்.

இறுதி ஆட்டம் நடக்கும்போது மணி மூன்று இருக்கும். தூங்கிப்போன குழந்தைகளைத் தோளில் போட்டுக்கொண்டு, போக மனசில்லாமல் நிற்பார்கள். கடைசி நிமிஷத்தில் ஒருவன் பாடிப் போவான். அதுவரை கத்திக்கொண்டிருந்த கூட்டம் அடங்கிப்போய், அவன் குரல் மட்டும் கேட்கும். மலைப்பக்கத்திலிருந்து வரும் காற்றில், மைக் இல்லாமலே அது அடுத்த தெரு வரை போகும்.

விடிந்ததும் பந்தல்காரர் கம்பங்களை உருவிக்கொண்டு போவார். யூனிட்டில் எட்டு மணிக்கு மெஷின் ஏறவேண்டும். முழங்கையில் மஞ்சள் பற்றுப் போட்ட பையன் ஒருவன், நைட்டிக் கழுத்துக்குப் பைப்பிங் வைத்துத் தைத்துக்கொண்டிருப்பான். களத்தில் ஒரு அம்மா மக்காச்சோளத்தைக் கொட்டிக் காலால் பரப்பிக்கொண்டிருப்பாள். நடுக்கோட்டுச் சுண்ணாம்பு இன்னும் அழிந்திருக்காது.